தாளுக்கு அறுபது காசு

அடுத்த ஆண்டு நாள்காட்டிக்கு
முந்நூற்று அறுபத்தைந்து அதிசயம் வேண்டும் என்றார்
அச்சகத்துக் காதர் மெய்தீன்.
தாளுக்கு அறுபது காசு.
எல்லாம் உண்மையாக இருக்க வேண்டும்.
பன்னிரண்டு சொல்லைத் தாண்டக் கூடாது,
தாண்டினால் இராகு காலத்தில் போய் இடிக்கும்.

இருநூற்றுப் பத்தொன்பது வெள்ளி.
ஃபிரிட்ஜ் தவணை இரண்டு மாதத்துக்கு ஆச்சு.

மார்க்கெட் ஸ்ட்ரீட்டில் என் மாடிக்கு எதிரே
மனிதர் காலி செய்த கடைவீடு.
பதிவு செய்த குருவிக்குரலை
ஒலிபெருக்கி ஓயாமல் கத்துகிறது.
நிஜ உழவாரக் குருவிகள் நம்பி வருகின்றன,
எச்சிலால் கூடு கட்டுகின்றன.
அந்த எச்சிலைச் சூப்பாக்கி விலைபோட்டு விற்கிறார்கள்.
சன்னலை விட்டு நகராமலே
ஜனவரி ஒன்று முடிந்தது.

பிறகு வேகம் பிடித்துவிட்டது.
ஆக்டோபஸுக்கு மூன்று இதயம்;
நீந்தும்போது ஒன்று நின்றுவிடும்,
அதனால் ஊர்ந்து போகவே அதற்கு இஷ்டம்.
தாப்பிர்க் குட்டி பிறக்கும்போது
தர்ப்பூசணிபோல் கோடு போட்டிருக்கும்.
கைக்குழந்தைக்கு எலும்பு கிட்டத்தட்ட முந்நூறு,
வளர்ந்தால் இருநூற்று ஆறு,
காணாமல் போனவை எங்கும் போகவில்லை,
ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன.
காலையில் நாம் ஒரு சென்டிமீட்டர் உயரம் கூட;
இருட்டுவதற்குள் முதுகெலும்பு அதைத் திருப்பிக் கட்டிவிடும்.
இதை நூற்றொன்றாம் எண் பஸ்ஸில்
நின்றுகொண்டே எழுதினேன்.

டுரியான் பூ இரவில் விரிவது வௌவாலுக்காக.
"வௌவால் வேணாம்மா,
பாலிக் பூலாவ் பழக்கடைக்காரர் விளம்பரம் தர்றார்."

பெண் இருவாச்சி மரப்பொந்துக்குள் போய்
வாசலைத் தானே பூசி அடைத்துக்கொள்ளும்.
ஒரு கீறல்தான் மிச்சம்.
அதன் வழியே ஆண் பழம் ஊட்டும்.
காதர் மெய்தீன் கண்ணாடியைக் கழற்றினார்.
"அந்த ஆண் வழியில செத்துட்டா?"
அதற்குப் பன்னிரண்டு சொல் போதாது, பாய்.

ஆகஸ்டைத் தேடிய ஓர் இரவில்,
தனபாலன் தூங்கிய பிறகு, இதைப் படித்தேன்:
வயிற்றுப் பிள்ளையின் உயிரணுக்கள்
தாயின் இரத்தத்துக்குள் கடந்து வரும்.
ஒரு பெண்ணிடம் இருபத்தேழு ஆண்டு கழித்தும்
மகனுடைய அணு இருந்ததாம்.
பிறக்காத பிள்ளையும் விட்டுவிட்டுப் போகுமாம்.

திரும்பப் படித்தேன்.
எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன்.
தவணை ஃபிரிட்ஜ் உறுமிக்கொண்டிருந்தது.

எனக்குப் பதினோரு வாரம்.
ஜெனரல் ஆஸ்பத்திரி அட்டையில்
அதற்கு இரண்டே எழுத்து.
வெளியே வந்து ஆளுக்கொரு மைலோ குடித்தோம்,
பார்க்கிங் சீட்டு எங்கே என்று சண்டை போட்டோம்.
அதன் பிறகு அதைப் பற்றி
ஒரு சொல்லும் பேசவில்லை.

கருவில் கலைந்த பிள்ளையின் உயிரணுக்கள்
தாயின் உடலில் பல ஆண்டுகள் தங்கியிருக்கக்கூடும்.

விரல் விட்டு எண்ணினேன். ஒன்பது.
மூன்று சொல் மிச்சம்.

எதையாவது வைத்து நிரப்பலாம்தான்.
"என்பது உங்களுக்குத் தெரியுமா?" என்று போட்டால்
சரியாக மூன்று.
மற்ற நாளெல்லாம் அப்படித்தான் ஒப்பேற்றினேன்.
இதற்கு மனசு வரவில்லை.

அச்சகத்தில் காதர் மெய்தீன்
தாளைத் தூக்கிப் பிடித்துப் பார்த்தார்.
"ஆகஸ்ட் பதினேழா?
அன்னைக்குக் குதிரைப் பந்தயம், படம் போடணும்.
இன்னும் குறைக்க முடியுமா?"
முடியாது என்றேன்.
ஓர் ஆண்டுக்குச் சரக்கு கொடுத்ததில்
முதல் தடவையாக.

அவர் என்னைப் பார்த்தார்.
மறுபடி அந்த வரியைப் பார்த்தார்.
ஒன்றும் கேட்கவில்லை. பையனைக் கூப்பிட்டு,
"குதிரையைச் சின்னதாக்குப்பா" என்றார்.

பதினெட்டாம் தேதி காலை
பட்டர்வொர்த் பட்டறையிலோ
நாசி கண்டார் கல்லாவிலோ
யாரோ அதைக் கிழிப்பார்கள்.
காச்சாங் பூத்தே மடிக்கலாம், கை துடைக்கலாம்.
போகட்டும்.

இப்போதைக்கு அது
மை காயாமல் என் மேசைமேல் இருக்கிறது.
வரிக்குக் கீழே மூன்று சொல் அகலத்தில் வெள்ளை.
அதன் ஓரத்தில்
கட்டைவிரல் நகத்தளவு ஒரு குதிரை,
ஓடுவதுபோல் நிற்கிறது.